தங்கையின் இடது கை

தெருவில் அவனுக்கு ரீப்ளே என்று பெயர். எதையும் இரண்டு முறை சொல்வான் என்பது ஒரு காரணம். டென்னிஸ் ரீப்ளேக்களை வெட்டி ஒட்டி வீடியோ போட்டுத்தான் பிழைக்கிறான் என்பது இன்னொன்று. மாடியறை, ஒரு கம்ப்யூட்டர், முனகிக்கொண்டே சுற்றும் ஃபேன், இவ்வளவுதான் ஆபீஸ். ஆனால் வேலை இருக்கிறதே, அடேயப்பா! முழு ஆட்டத்திலும் எந்த அடிக்கு ஜனம் மூச்சைப் பிடிக்கும் என்று மோப்பம் பிடித்துவிடுவான். அதைத் தூக்கி முதலில் வைப்பான். பந்து கோட்டைத் தொடும்போது மெதுவாக்குவான். தோற்றவள் முகத்தைக் கிட்டத்தில் காட்டி நிறுத்துவான்.

ஒரு தில்லுமுல்லும் உண்டு. ஒளிபரப்புக்காரர்களின் கண்ணில் மண்ணைத் தூவ, படத்தைக் கண்ணாடியில் தெரிவதுபோல் இடவலமாகத் திருப்பிப் போடுவான். அனுமதியில்லாமல் ஆட்டத்தை எடுத்துப் போட்டதற்கு ஏற்கெனவே ஓர் எச்சரிக்கை வந்துவிட்டது. இன்னொன்று வந்தால் சேனலையே மூடிவிடுவார்கள். அதனால் எந்தக் காட்சியை ஏற்றினாலும் தானாகத் திரும்பிக்கொள்ளும்படி அமைத்து வைத்திருந்தான். நாள் முழுக்கத் திரும்பிய படத்தையே பார்த்துப் பழகிய கண் அவனுக்கு.

அவன் தங்கை இடது கைக்காரி. ஒரு டென்னிஸ் பயிற்சி மையம் இரட்டையர் ஆட்டத்துக்கு இடது கைப் பெண் ஒருத்தியைத் தேடியது. அடுத்த வருடம் அவளுக்கு வயது தாண்டிவிடும். விட்டால் இன்னொரு வாய்ப்பு கிடையாது. ஆடுகிற வீடியோ ஒன்றை அனுப்பச் சொன்னார்கள்.

"ஒரு வாட்டி பாத்துடறேனே அண்ணா."

"அனுப்பிட்டு காட்டறேன் பாப்பா, அனுப்பிட்டு காட்டறேன். எனக்கே தொழில் சொல்லித் தர்றியா?"

உயிரைக் கொடுத்து வெட்டினான். அனுப்பினான். பதிலே இல்லை. போன் மணி அடிக்கும்போதெல்லாம் அவள் ஓடி வருவதைப் பார்க்கப் பொறுக்காமல், மையத்துக்கு அவனே போய் நின்றான்.

பயிற்சியாளர் வீடியோவைத் தேடிப் போட்டார். "இடது கைன்னு எழுதியிருக்கீங்க. பொண்ணு வலது கைல ஆடுது. எதை நம்பறது தம்பி?"

பாவி, பழக்க தோஷத்தில் தங்கையையும் அல்லவா திருப்பிப் போட்டுவிட்டான்!

"ஐயோ சார், படம் திரும்பிடுச்சு! படம் திரும்பிடுச்சு! அசல் இருக்கு சார், இதோ!" போனை நீட்டினான்.

அவர் பொறுமையாகப் பார்த்தார். "நல்ல கை தம்பி. இதை அப்பவே அனுப்பியிருந்தா இவளைத்தான் எடுத்திருப்போம். வேற பொண்ணு வந்து சேந்துடுச்சே."

"கால்ல விழறேன் சார்."

"எழுந்திரு தம்பி. வந்த புள்ளைய எப்படிப் போகச் சொல்றது?"

வீட்டில் தங்கை ராக்கெட்டின் பிடிக்குப் புது டேப் சுற்றிக்கொண்டிருந்தாள். தட்டுத் தடுமாறி எல்லாவற்றையும் சொன்னான். அடித்தாலாவது தேவலை என்று இருந்தது அவனுக்கு. அவள் அந்த வீடியோவை வாங்கி முழுதாகப் பார்த்தாள்.

"இதை எத்தனை வாட்டி பாத்து வெட்டின?"

"நூறு வாட்டி இருக்கும் பாப்பா. நூறு வாட்டி."

"நூறு வாட்டி பாத்தும் என் கை உனக்குத் தெரியலையா அண்ணா?"