கருப்பையா ஹாஜிர் ஹோ!

போன வாரம் ரத்தப் பரிசோதனைக்கு இங்கே டில்லியில் ஓர் ஆஸ்பத்திரியில் காத்திருந்தேன். "ராமசாமி! ராமசாமி!" என்று ஒரு பெண் கத்திக்கொண்டே இருந்தாள். யாரந்த மனுஷர், காது கேட்காதோ என்று நானும் சுற்றுமுற்றும் பார்த்தேன். கடைசியில் அவள் என் எதிரே வந்து, "ஆன்ட்டிஜி, ராமசாமி ஆப் ஹி ஹைன் நா?" என்றாள். ராமசாமி நான்தானே என்று கேட்கிறாள்! இனிஷியலை யாரோ விரித்து எழுதிய புண்ணியம்! அப்பா பெயரில் ஊசி குத்திக்கொண்டு வந்தேன்.

வருகிற வழியெல்லாம் முத்தம்மாவின் நினைப்புதான். எழுபதுகளின் கடைசியில் நான் ஆர்.கே.புரத்திலிருந்து பஸ்ஸில் தொங்கிக்கொண்டு போய், ஒரு தமிழ் வக்கீலிடம் டைப் அடித்துக்கொண்டிருந்தேன். முத்தம்மா வீட்டு வேலை செய்பவள். புருஷன் செத்ததும் அவன் அண்ணன் அவளுடைய மகள் செல்வியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டான். பிள்ளையைக் கேட்டு வழக்குப் போட்டிருந்தாள். விசாரணையன்று எங்கள் வக்கீல் வேறொரு கோர்ட்டில் மாட்டிக்கொண்டார். இவளும் ஆஜராகவில்லை என்று வழக்கைத் தள்ளுபடி செய்துவிட்டார்கள்.

மறுபடி எடுக்கச் சொல்லி மனுப் போடவேண்டும். "ஜுரம்னு அடிம்மா. எல்லாரும் அதான் போடறா" என்றார் வக்கீல்.

"எனக்கு ஏதுங்க சொரம்? நான் அங்கதான குந்தியிருந்தேன்!" என்றாள் முத்தம்மா. "எம்பேரைக் கூப்பிடவே இல்ல. எங்கப்பாவைத்தான் கூப்பிட்டாங்க."

கே. முத்தம்மாவை யாரோ 'முத்தம்மா கருப்பையா' ஆக்கியிருக்கிறார்கள். வடக்கத்திய வழக்கப்படி கோர்ட் சேவகர் கடைசிப் பெயரைப் பிடித்துக்கொண்டு, 'ஹாஜிர் ஹோ', அதாவது ஆஜராகு என்று கூவியிருக்கிறார்.

"இதை எவன் நம்புவான்?" என்று வக்கீல் தலையில் அடித்துக்கொண்டார். ஆனால் அவள் அசையவில்லை. உள்ளதையே அடித்தேன்.

எதிர்த் தரப்பு வக்கீல் விழுந்து விழுந்து சிரித்தார். பஞ்சாபி ஜட்ஜ் சிரிக்கவில்லை. சேவகரைப் பார்த்து, அன்றைக்குக் கூப்பிட்ட மாதிரியே கூப்பிடு என்றார்.

"கருப்பையா ஹாஜிர் ஹோ!"

முத்தம்மா கண்ணை மூடிக் கைகூப்பினாள். ஏன் என்று ஜட்ஜ் கேட்டார். மொழிபெயர்க்க வக்கீல் என்னைத்தான் கூட்டிப்போயிருந்தார்; தமிழில் அவளிடம் கேட்டேன்.

"செத்துப்போன மனுசனை இத்தினி பெரிய எடத்துல கூப்பிடறாங்களே. பேத்தி வழக்குன்னா அவரு வராமலா இருப்பாருன்னு கும்பிட்டுக்கிறேங்க. அன்னைக்கும் இப்படித்தான் கும்பிட்டுக்கினு இருந்தேன்."

எப்படியோ ஹிந்தியில் சொல்லி முடித்தேன். ஜட்ஜ் கண்ணாடியைக் கழற்றினார். "அவள் பெயரைக் கூப்பிடு."

"முத்தம்மா ஹாஜிர் ஹோ!"

"இருக்கேன் சாமி!"

வழக்கு அங்கேயே உயிர்பெற்றது. அடுத்த மழைக்காலத்துக்குள் செல்வியும் வீட்டுக்கு வந்துவிட்டாள்.

பார்க்கப் போனேன். குடிசைகளுக்கு நடுவே நின்று, முத்தம்மா வீடு எது என்று கேட்டேன். ஒருவருக்கும் தெரியவில்லை. பிறகு ஒரு பெண், "ஓ, செல்வி அம்மாவா? அச்சா, அச்சா, வாங்க" என்று கூட்டிப்போனாள். கோர்ட்டே அதிரக் கூவிய பெயர் அங்கே யாருக்கும் வேண்டியிருக்கவில்லை. அவளுக்கே வேண்டியிருக்கவில்லை.

அந்தக் குடிசைகளை எப்போதோ இடித்துவிட்டார்கள். இப்போது அங்கே மேம்பாலம். செல்வி அம்மாவை எந்தப் பெயர் சொல்லி, யாரிடம் போய் விசாரிப்பேன்?