படகுத்துறைப் பெண்ணின் கடைசி வரி

"சந்தா ஃபேமிலி பிளானா சார், சிங்கிளா?" என்று பர்மா பஜார் கடைக்காரர் கேட்டார். கவுன்டர் மேல் என் புது வீடியோ கேம் கன்சோலின் பெட்டி பிரிந்து கிடந்தது. பக்கத்தில் இரண்டு பேர் ஹெட்போனுக்கு விலை பேசிக்கொண்டிருந்தார்கள். அவர்கள் காதில் விழாதபடி, "சிங்கிள்தான்" என்றேன். நாற்பதைத் தாண்டிய ஆள் கல்யாணத் தரகரிடம் பேசும் குரல் அது. எனக்கே எரிச்சலாக இருந்தது. எனக்கு ஏன் கல்யாணம் ஆகவில்லை என்பதைப் பற்றி இங்கே எழுதப் போவதில்லை. அதைப் பேச உறவுக்காரர்கள் போதுமான அளவு இருக்கிறார்கள்.

கடைக்காரருக்கு அதெல்லாம் பொருட்டே இல்லை. அவருடைய கவலை நாட்டைப் பற்றியது. "கணக்குல இந்தியான்னு போட்டா உள்ள கேம் கடையே தொறக்காது சார். அமெரிக்கான்னு போட்டுக்கினா எல்லாம் ஓடும். போட்டுடட்டா?"

"போடுங்க" என்றேன். விசா வரிசையில் நிற்காமல் அமெரிக்காக்காரன் ஆன ஆள் எங்கள் தெருவில் நான் ஒருவன்தான் இருப்பேன்.

எனக்குப் புது கேம் எதுவும் வேண்டாம். சந்தா கட்டினால் அந்தக் காலத்துக் கையடக்க வீடியோ கேம்களை இந்தக் கன்சோலில் ஆடலாம் என்று போனில் ஒரு வீடியோ பார்த்திருந்தேன். அதில் கேம்களின் படங்கள் வரிசையாக ஓடியபோது ஒன்றில் குல்லா போட்ட ஒரு குட்டிப் பையன் தெரிந்தான். மதியச் சாப்பாட்டை அப்படியே வைத்துவிட்டு வீடியோவைப் பின்னால் தள்ளித் தள்ளிப் பார்த்தேன். சந்தேகமே இல்லை, அவன்தான். எங்கள் குல்லா.

எங்கள் என்றால் எனக்கும் அக்காவுக்கும். அப்போது ராயபுரத்தில் இருந்தோம். அப்பா துறைமுகத்தில், எங்கள் பேச்சில் ஆர்பரில், சரக்கு தூக்கும் விஞ்ச் ஓட்டினார். ஜப்பானிலிருந்து வந்த ஒரு கப்பலின் சமையல்காரருக்கு அப்பாவின் டிபன் டப்பாவிலிருந்த கருவாட்டுக் குழம்பு பிடித்துப்போய்விட்டது. கப்பல் நின்ற நாட்களில் இரண்டு பேருக்கும் கை பாஷையிலேயே சிநேகம் வளர்ந்து, கிளம்பும்போது அவர் தன்னுடைய கையடக்க வீடியோ கேமை அப்பாவிடம் கொடுத்துவிட்டுப் போனார். சாம்பல் நிறத்தில் செங்கல் கனம். உள்ளே ஒரே ஒரு கேம். அதில் எழுத்தெல்லாம் ஜப்பான் எழுத்து.

அந்தத் திரைக்கு வெளிச்சம் கிடையாது. பாசி பிடித்த தண்ணீர் மாதிரி ஒரு பச்சை. வீட்டுக்குள் வைத்துப் பார்த்தால் ஒன்றும் தெரியாது. அதனால் மொட்டைமாடிக்குத்தான் போக வேண்டும். நல்ல வெயிலில் திரையைச் சாய்த்துப் பிடித்தால் குல்லா தெரிவான். கைப்பிடிச்சுவரின் மேல் தீர்ந்துபோன பேட்டரி கட்டைகளை வரிசையாகக் காய வைத்திருப்போம். சூடு ஏறினால் இன்னும் கொஞ்ச நேரம் ஓடும். கொடியில் காயும் துணியில் ஆர்பர் கரித்தூள் படியும், எங்கள் தலையிலும் படியும். தூரத்தில் ஆர்பர் கிரேன்கள் ஆடிக்கொண்டிருக்கும். "மண்டை காயப் போவுது, இறங்கி வாங்க" என்று அம்மா கீழேயிருந்து கத்துவாள். நாங்கள் எங்கே இறங்கினோம்?

ஜப்பான் எழுத்து தெரியாது என்பது எங்களுக்கு ஒரு குறையாகவே படவில்லை. குல்லா ஒரு தீவில் இருப்பான். யார் முன்னால் நிறுத்திப் பொத்தானை அழுத்தினாலும் அவர்கள் தலைக்கு மேல் எழுத்து வரும். அந்த எழுத்து என்ன சொல்கிறது என்று அக்காதான் சொல்வாள். படித்துச் சொல்வது போலவே, விரலால் தொட்டுக்கொண்டு சொல்வாள். கிணற்றடிக் கிழவருக்கு ஒரு குரல், கடைக்காரனுக்கு ஒரு குரல். எல்லாரும் எங்கள் தெருவில் பேசுகிற மாதிரிதான் பேசுவார்கள்.

எங்களுக்கு முக்கியமானவள் படகுத்துறையில் நின்ற பெண். பலகைத் துறையின் நுனியில், கடலைப் பார்த்தபடி, எப்போது போனாலும் அங்கேயே நிற்பாள். "அந்த அக்கா ஏன் அங்கயே நின்னுகினு கீது?" என்று நான் முதல் நாளே கேட்டேன். துறைமுகத்துப் பிள்ளைகளுக்கு இதற்கு ஒரு பதில்தானே தெரியும்? அக்கா மூக்கால் பேசிக் காட்டினாள்.

"இன்னா நைனா, எங்க போய்கினு கீற? எங்க வூட்டுக்காரு கப்பலேறிப் போனாரு. வர்ற வழியில பாத்தியா?"

ஒரு சின்ன முக்கோணம் மினுக்கும். பொத்தானை அழுத்துவேன். அடுத்த எழுத்து வரும்.

"மூக்குல மச்சம் கீது. பாத்தா கையோட இட்டுகினு வா."

திரும்பவும் முக்கோணம். திரும்பவும் பொத்தான். கடைசியாக ஒரு வரி வரும். அதையும் அவள் சொல்லி முடித்தால்தான் குல்லாவால் நகர முடியும்.

அந்தக் கேமை நாங்கள் ஆடி முடிக்கவே இல்லை. அதில் ஏதோ பூதத்தைக் கொல்ல வேண்டுமாம், அது யாருக்கு வேண்டும்? நாங்கள் வருஷக்கணக்கில் மூக்கில் மச்சமுள்ள ஒரு மனிதனைத் தேடினோம். திரையில் ஆட்களின் தலையே கடுகளவுதான். மூக்குக்கு எங்கே போவது? அதனால் ஒவ்வொருவனையும் நிறுத்தி விசாரித்தோம். அவன் இல்லை என்று அக்கா சொல்வாள். மறுபடியும் துறைக்குப் போய், "பாக்கலக்கா" என்று நான் சொல்ல வேண்டும். அவள் கோபித்துக்கொண்டதே கிடையாது.

அந்தச் செங்கல் எப்போது தொலைந்தது என்று தெரியவில்லை. வீடு மாறியதில் எங்கோ போயிருக்கும். பிறகு அக்கா கல்யாணம் ஆகிச் சிங்கப்பூர் போனாள். அப்பா இறந்துபோனார், பிறகு அம்மாவும் போனாள். நான் திருவொற்றியூரில் இந்த இரண்டாம் மாடி வீட்டுக்கு வந்தேன். சன்னலைத் திறந்தால் துறைமுகத்துக்குப் போகும் டிரெய்லர்கள் நகராமல் நிற்கும். மணலி ஆலைகளின் பக்கமிருந்து காற்று திரும்பினால் சன்னலை மூடிவிடுவேன். வேலை மாத்தூர் பக்கம் ஒரு கன்டெய்னர் யார்டில், கேட் பொறுப்பு. பகல் முழுக்க டிரைவர்கள் என்னோடு சண்டை போடுவார்கள். வீட்டுக்கு வந்துவிட்டால் சண்டை போடக்கூட ஆள் இல்லை. இதைச் சிரித்துக்கொண்டேதான் எல்லாரிடமும் சொல்வேன். சிரிக்கிற விஷயம் இல்லை அது.

ஞாயிறு மதியம் அக்கா பேசுவாள். வீட்டுக்குள் டவர் கிடைக்காது, மொட்டைமாடிக்கு ஏறிவிடுவேன். அவளுடைய தமிழ் மாறிப்போய்விட்டது. அங்கே அவளுடைய குடியிருப்பில் மதுரைக்காரர்கள், திருச்சிக்காரர்கள் எல்லாம் உண்டு. போன புதிதில் இவள் வாயைத் திறந்தாலே, காமெடி சீன் மாதிரி இருக்கிறது, இன்னொரு தடவை பேசு என்பார்களாம். சிலகாலம் பேசிக் காட்டினாள். பிறகு ரோஷம் வந்து கீதும் வூடும் எல்லாவற்றையும் விட்டுவிட்டாள். இப்போது செய்தி வாசிப்பவளுக்குக் கொஞ்சம் பக்கத்தில் இருக்கும் அவள் பேச்சு. என்ன சாப்பிட்டாய், தண்ணீர் வருகிறதா, மழை உண்டா. பேச்சு அதோடு தீர்ந்துவிடும். என்னைக் கீழே விரட்டிவிட்டுப் போனை வைப்பாள்.

கன்சோல் வாங்கிய அன்று சாயங்காலமே உட்கார்ந்துவிட்டேன். திரையைப் பழைய பச்சை நிறத்துக்கு மாற்றிக்கொள்ள ஒரு வசதி இருந்தது, மாற்றினேன். நண்பர்கள் பட்டியல் என்று ஒரு இடம் இருந்தது. அதில் யாரும் இல்லை என்று கன்சோல் மரியாதையாகத் தெரிவித்தது. எனக்குத் தெரியாதா? குல்லாவை எடுத்துக்கொண்டு நேராகப் படகுத்துறைக்கு ஓடினேன். அவள் நின்றுகொண்டிருந்தாள். பொத்தானை அழுத்தினேன்.

இங்கிலீஷில் சொன்னாள். இது படகுத்துறை. இன்று படகு இல்லை. கிழக்குக் கரையில் நண்டுகள் உண்டு, கவனமாகப் போகவும்.

நான் இன்னொரு தடவை அழுத்தினேன். அதே நண்டு. ஒரு மனுஷி இத்தனை வருஷம் கால்கடுக்க நின்றது நண்டைப் பற்றிச் சொல்லவா? எனக்கு வந்த கோபத்தில் கன்சோலை அணைத்துவிட்டுப் போய்ப் பாத்திரம் கழுவினேன். கழுவும்போது அழுகை வந்தது. அசிங்கமாகத்தான் இருந்தது, ஆனாலும் வந்தது.

மறுநாள் யார்டில் ஒரு யோசனை தோன்றியது. அமெரிக்காவை மாற்றி ஜப்பான் என்று போட்டால் என்ன? வீட்டுக்கு வந்து கணக்கில் நாட்டை மாற்றினேன். டீ ஆறுவதற்குள் ஜப்பான்காரன் ஆகிவிட்டேன். அந்த நாட்டுப் பழைய கேம்கள் தனியாக இறங்கின. குல்லா வந்தான். தீவு வந்தது. துறையில் அவள் நின்றாள். தலைக்கு மேல் ஒரு எழுத்துகூடப் புரியாமல் அந்தப் பழைய கிறுக்கல். அப்பாடா என்றிருந்தது. படிக்கத் தெரியாமல் இருப்பதற்காகச் சந்தா கட்டிய ஆள் நான்.

யாரும் இல்லாத வீட்டில் வாயைத் திறந்து சொன்னேன். "இன்னா நைனா, எங்க போய்கினு கீற?" மூக்கால் பேச முயன்றேன். அக்கா மாதிரி வரவில்லை, பரவாயில்லை. வூட்டுக்காரர், கப்பல், மூக்கு மச்சம் எல்லாம் வந்தது. முக்கோணம் மினுக்கியது. அழுத்தினேன். கடைசி எழுத்து வந்தது.

அந்தக் கடைசி வரி எனக்கு ஞாபகம் இல்லை.

அவள் அங்கே ஏதோ சொல்வாள். நான் "பாக்கலக்கா" என்றதும், என்னைத் தேற்றி அனுப்பும்படி ஒன்றைச் சொல்வாள். அதன் மெதுவான குரல் ஞாபகம் இருக்கிறது, வார்த்தை இல்லை. என்னென்னவோ சொல்லிப் பார்த்தேன். எதுவும் அது இல்லை. நானாக ஒன்றை இட்டுக்கட்ட மனம் வரவில்லை. பொத்தானை அழுத்தாமல் அப்படியே விட்டேன்.

அந்த வாரம் முழுக்க அவள் அப்படியே நின்றாள். வேலை முடிந்து வந்து கன்சோலை எழுப்பினால் முக்கோணம் மினுக்கிக்கொண்டிருக்கும். எதிரே உட்கார்ந்து சாப்பிடுவேன். அந்த வரியைத் தெரிந்தவள் உலகத்தில் இன்னும் ஒருத்திதான், சிங்கப்பூரில் இருக்கிறாள். அவளும் மறந்திருந்தால் அந்தப் பெண்ணும் இல்லை, அவளுடைய வூட்டுக்காரரும் இல்லை, நண்டு மட்டும்தான். பயமாக இருந்தது. ஞாயிறு எப்போது வரும் என்று காத்திருந்தேன், வந்துவிடக் கூடாது என்றும் இருந்தது.

வந்தது. மாடிக்கு ஏறினேன். உச்சி வெயில், தரை சுட்டது.

"சாப்பிட்டியா? என்ன சமைச்சே?" என்றாள்.

"புளிசாதம். அக்கா, ஒண்ணு கேக்கணும். படகுத்துறையில ஒரு பொம்பள நிப்பாளே, அவ கடைசியா இன்னா சொல்லுவா?"

"எந்தப் பொம்பளை?"

"வீடியோ கேம்ல. அப்பா கொண்டாந்தாரே. ஜப்பான் எழுத்து. நீதான அவளுக்குப் பேசுவ?"

"செங்கல் மாதிரி ஒண்ணு இருந்துச்சு, அதுவா? அதை எங்கடா என்கிட்ட குடுத்தே? நீயேதான் பிடுங்கி வச்சுக்குவே."

"ஆடுனது நான்தான். பேசுனது நீ."

"நானா? ஐயோ, எனக்கு எதுவும் ஞாபகம் இல்லடா." சிரித்தாள். பிறகு சிரிப்பை நிறுத்தி, "ஏன்டா, திடீர்னு? உடம்பு நல்லாத்தானே இருக்கு?" என்று கேட்டாள்.

"நல்லாதான் கீது" என்றேன். அவளுக்கு மூக்கு மச்சத்தைப் பற்றிச் சொன்னேன். அவள் ம்ம் என்று கேட்டாள், யாரோ வீட்டுக் கதையைக் கேட்பதைப் போல. அதற்கு மேல் நான் தொடரவில்லை. அவள் மேல் கோபப்படக் காரணம் ஒன்றும் இல்லை. அவளுக்கு இரண்டு பிள்ளைகள், வேலை, மாமியார். அவள் தலைக்குள் ஒரு படகுத்துறைக்கு எங்கே இடம்? ஆனால் இனிமேல் அது என் தலைக்குள் மட்டும்தான் இருக்கிறது என்று தெரிந்தபோது, அம்மா போன அன்றுகூட நான் இவ்வளவு தனியாக இல்லை என்று தோன்றியது.

அவள் பக்கம் துணி மெஷின் கூவியது. "சரிடா, துணி எடுக்கணும். நீ எங்க நிக்கிறே, மாடியிலயா?"

"ஆமா."

"சரி, போ நைனா. வெய்யில்ல நிக்காத."

போனை வைத்துவிட்டாள்.

நான் போனைக் காதிலிருந்து எடுக்கவில்லை. அந்த வரிதான். அந்த மெதுவான குரலேதான். வேறு எந்தப் பேச்சிலும் நைனா என்ற வார்த்தையை அவள் சொல்லி எத்தனையோ வருஷம் ஆயிற்று. இதில் மட்டும் அது இருக்கிறது. இன்று புதிதாகச் சொல்லவும் இல்லை. ஒவ்வொரு ஞாயிறும் இதைச் சொல்லித்தான் என்னைக் கீழே அனுப்பிக்கொண்டிருக்கிறாள். அக்கா என்றால் இப்படித்தான் சொல்வாள் என்று நானும் காதில் போட்டுக்கொள்ளாமல் இறங்கிப் போய்க்கொண்டிருந்தேன்.

திரும்பக் கூப்பிட்டு, கிடைத்துவிட்டது என்று சொல்ல விரல் போனது. சொல்லவில்லை. சொன்னால் அடுத்த வாரம் யோசித்துச் சொல்வாள், அல்லது வெட்கப்பட்டுச் சொல்லாமலே விட்டுவிடுவாள். அவளுக்குத் தெரியாமல் இருக்கும் வரைதான் அந்தப் பெண் அவளிடம் இருப்பாள்.

கீழே கன்சோலில் முக்கோணம் மினுக்கிக்கொண்டிருக்கும். போய் அந்த வரியைச் சொல்லிப் பொத்தானை அழுத்தினால் குல்லா நகர்ந்துவிடுவான். அதற்கு இப்போது அவசரம் இல்லை. "பாக்கலக்கா" என்று வாய்விட்டுச் சொன்னேன். பக்கத்து மாடியில் வடாம் காயவைத்துக்கொண்டிருந்த அம்மாள் திரும்பிப் பார்த்தார். நான் இன்னும் கொஞ்ச நேரம் வெயிலிலேயே நின்றேன்.