பத்தடிப் பாதையும் அறுநூறு பிக்சலும்

சுருவிலிலிருந்து காலை பஸ்ஸில் வந்த மனோ அக்கா, கதிரையில் உட்காராமலே போனை என்னிடம் நீட்டினார். கனடாவில் இருக்கும் அவருடைய தம்பி குரல் பதிவு அனுப்பியிருந்தார்.

“என்ர காணிக்குப் போற பாதை கயிறு மாதிரிக் கிடக்கு. ஓட்டோவும் போகாது. நீயும் சர்வேயரும் கதைச்சு வைச்சுத்தானே கீறினீங்கள்? நான் சைன் வைக்கமாட்டன்.”

அப்போது நான் வேலணையில் ஒரு சர்வேயரின் அலுவலகத்தில் இணையத்தள வேலை பார்த்தேன். வெளிநாட்டிலிருப்பவர்கள் தங்கள் காணியின் பிளானை அங்கிருந்தே பார்க்கட்டும் என்று பக்கங்கள் செய்துகொடுத்தவள் நான்தான். தாயின் காணியில் முன் துண்டு அக்காவுக்கு, பின் துண்டு தம்பிக்கு. பின்னுக்குப் போக ஓரமாகப் பத்தடிப் பாதை. அக்கா தன் துண்டைத் தன் மகளுக்குச் சீதனமாக எழுத வேண்டும். கலியாணத்துக்கு மூன்று கிழமைதான் இருந்தது. காணியைப் பிரிக்கும் உறுதியில் தம்பியின் கையெழுத்து இல்லாமல் ஒன்றும் நடக்காது.

“நான் நிண்டு பாத்தனான் பிள்ளை. பத்தடி விட்டுத்தான் எல்லைக் கல்லுப் போட்டது” என்றார் அக்கா.

என் கணினியில் பிளான் சரியாகவே தெரிந்தது. அக்காவின் போனில் அதே பக்கத்தைத் திறந்தேன். படத்துக்கு width: 100%, height: 600px என்று எழுதியிருந்தேன்; அகலம் திரையளவுக்கு மாறும், உயரம் எப்போதும் அறுநூறு பிக்சல். கணினியில் அது அழகாகப் பொருந்தியது. போனில் அகலம் பாதிக்கும் கீழே சுருங்க, உயரம் மட்டும் அறுநூறிலேயே நின்றது. காணி நெடுத்துப்போய், பாதை நூலாகியிருந்தது. அடிக்கணக்கு எழுதிய எழுத்தும் நசிந்து வாசிக்க முடியவில்லை.

சர்வேயர் ஐயா உள்ளறையில் இருந்தார். அவருக்குத் தெரியாமல் முடித்துவிடலாம் என்றுதான் என் புத்தி போனது. அகலத்தோடு சேர்ந்து மாறும்படி உயரத்தை auto ஆக்கி, சத்தம் போடாமல் ஏற்றிவிட்டேன். அக்காவிடம்கூட ஒன்றும் சொல்லவில்லை.

சற்று நேரத்தில் தம்பியிடமிருந்து இன்னொரு பதிவு வந்தது. பழைய படத்தையும் புதியதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து அனுப்பியிருந்தார். “நான் கேட்டவுடனை பிளானை மாத்திப்போட்டியள். களவு பிடிபட்டிட்டுது.”

அக்கா அப்போதுதான் உட்கார்ந்தார். சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்தார். எழுந்துபோய் சர்வேயர் ஐயாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். “நான் நேராய்க் கீறினதை நீர் நசிச்சுப்போட்டீர். நீரே அவரோட கதையும்” என்று மட்டும் சொன்னார்.

தம்பியின் வட்ட முகப் படம் அக்காவின் போனில் இருந்தது. அதைப் புதுப் பக்கத்தில் போட்டு, பழைய அகல, உயர வரிகள் இரண்டையும் அப்படியே எழுதி, இணைப்பை அவருக்கு அனுப்பிவிட்டு அழைத்தேன்.

“அண்ணை, பிழை என்ர. பிளானை ஒருத்தரும் தொடேல்லை. பிளானுக்குச் செய்ததையே உங்கட படத்துக்கும் செய்திருக்கிறன். போனில பாருங்கோ.”

“பொறுங்கோ” என்றார். அவருடைய முகம் அங்கே புடலங்காயாக நீண்டிருந்திருக்கும். பிறகு, “அக்காட்டைக் குடுங்கோ” என்றார்.

அக்கா கேட்டார், இரண்டு தரம் ஓம் சொன்னார், வைத்துவிட்டார். கையெழுத்து வைப்பாராம். கலியாணத்துக்கும் வருவாராம். எனக்கு அழுகை வந்தது.

அன்றிலிருந்து எந்தப் படத்தையும் போனில் பார்க்காமல் நான் ஏற்றுவதில்லை. பிழையைத் திருத்தினால், திருத்தியதை முதலில் சொல்லிவிடுகிறேன். என்னை மன்னிக்கும்படி அக்காவிடம் கேட்டபோது அவர் செருப்பைப் போட்டுக்கொண்டிருந்தார்.

“உம்மில கோவமில்லைப் பிள்ளை. பாதை போதாதெண்டு தம்பி என்னட்டைக் கேட்டிருந்தால், பன்னிரண்டடி விட்டிருப்பன்” என்றார்.