அவசர ஞானஸ்நானம்

எங்கள் ஊர் லுத்தரன் கோயிலைப் பார்த்தால் ஏதோ பேங்க் என்றுதான் நினைப்பீர்கள். கண்ணாடிக் கதவு, டைல்ஸ் தரை, எல்இடி சிலுவை, எல்லாம் உண்டு. சபை நடத்தும் போதகர் ஐயர் மட்டும் கிடையாது. மாதம் ஒருமுறை போர்ட் பிளேரிலிருந்து கப்பலில் வருவார்.

இந்த வாரம் காற்று ஏறிக் கப்பல் கேன்சல். அதே நேரம் பார்த்து அக்காவின் குழந்தை பால் குடிப்பதை நிறுத்தியது. பக்கத்துத் தீவிலிருக்கிற பெரிய ஆஸ்பத்திரிக்கு உடனே கொண்டுபோங்கள் என்று டிஸ்பென்சரி நர்ஸ் கைவிரித்துவிட்டார். அக்கா புருஷன் மச்சானோ கார் நிக்கோபார் தீவில் டியூட்டியில் இருந்தார். பக்கத்து வீட்டு அண்ணன்தான் மீன்பிடிக்கிற டிங்கிப் படகை ஜெட்டித் துறையில் கட்டிவைத்து, காற்று கொஞ்சம் அடங்கட்டும் என்று காத்திருந்தார்.

கடலில் இறங்கும் முன் குழந்தைக்கு ஞானஸ்நானம் வேண்டும் என்று அக்கா ஒரே பிடியாக நின்றாள். உயிருக்கு ஆபத்தென்றால் எங்கள் சபையில் ஐயர் வேண்டியதில்லை, விசுவாசி யாரும் கொடுக்கலாம்.

அம்மா விடவில்லை. இந்த ஊரில் அவசர ஞானஸ்நானம் வாங்கிய எந்தக் குழந்தையும் தங்கவில்லையாம். சாகக் கிடக்கிற குழந்தைக்குத்தானே கொடுக்கிறார்கள், அப்புறம் எப்படித் தங்கும் என்று நான் லாஜிக் பேசினேன். அம்மா பார்த்த பார்வையில் என் பி.எஸ்ஸி. சுருண்டு படுத்தது.

"தண்ணி ஊத்துனா நாமளே புள்ளைய அனுப்பி வெச்ச மாதிரி. ஐயர் வந்து பேரு சொல்லட்டும். அதுவரைக்கும் அவ பாப்பாதான்."

"அதுவரைக்கும் இவ இருக்கணுமேம்மா." அக்கா என் பக்கம் திரும்பினாள். "நான் புள்ளையப் புடிச்சிக்கிறேன்டா. சலோ, கெளம்பு, நீ ஊத்து."

கோயிலில் கரண்ட் இல்லை. நடுப்பகலிலேயே இருட்டு. கூரைத் தகடு காற்றில் அடித்துக்கொண்டே இருந்தது. குழாயில் தண்ணீர் வராததால் வாசலில் கொட்டிய மழையை டம்ளரில் பிடித்தேன். சும்மாவே வாயடிக்கிற நான் அந்த ஒரு வரியை மனதுக்குள் இரண்டு முறை சொல்லிப் பார்த்தேன். அக்கா காதில் சொன்ன பெயரைச் சொல்லி, பிதா, குமாரன், பரிசுத்த ஆவியின் நாமத்தில் ஊற்றினேன். அந்தக் குளிருக்கு எந்தக் குழந்தையும் வீறிடும். இவள் இமைகூட அசைக்கவில்லை. நெஞ்சு மட்டும் மெதுவாக ஏறி இறங்கியது.

அம்மா உள்ளே வரவேயில்லை, குடையோடு கண்ணாடிக்கு வெளியே நின்றிருந்தாள்.

"அழுதாளா?"

"அழுதாம்மா," என்றாள் அக்கா. "மழையில உனக்குக் கேக்கல."

அம்மா நம்பினாளா, தெரியாது. முந்தானையால் குழந்தையின் தலையைத் துவட்டினாள். காற்று கொஞ்சம் அடங்கியபோது டிங்கியில் அக்காவுக்கு முன்னால் ஏறியது அவள்தான். மூன்று பேருக்குமேல் ஏற்ற முடியாது என்று அண்ணன் என்னைக் கரையிலேயே நிறுத்திவிட்டார்.

இன்று ஞாயிறு. காற்றில் போன மொபைல் டவர் இன்னும் செத்துத்தான் கிடக்கிறது. அவர்கள் கரை சேர்ந்தார்களா என்பதே தெரியவில்லை. ஐயரும் வராததால் சபையார் தாங்களே கூடி ஜெபித்தார்கள். எந்தப் பெயரைச் சொல்லி ஜெபிப்பது என்று என்னைக் கேட்டார்கள். அம்மாவை நினைத்து, பாப்பா என்றுதான் முதலில் சொன்னேன். பிறகு அக்கா வைத்த பெயரைச் சொன்னேன். எல்லோரும் முழங்காலிட்டு அந்தப் பெயரைச் சொன்னார்கள்.

ஆமென் முடிந்ததும் பாதிப் பேர் போனை எடுத்து டவர் வந்துவிட்டதா என்று பார்த்தார்கள்.