நம்பர் இல்லாத நாற்காலிகள்

வியாசர்பாடி கிருஷ்ணப்பன் டாக்கீஸின் முதலாளி செங்கொடியக்காவுக்கு வயது அறுபத்திரண்டு. முதலாளி என்று கூப்பிட்டால் அடிக்க வருவார். டிக்கெட் கிழிப்பது, போண்டா போடுவது, புரொஜெக்டர் மக்கர் பண்ணினால் அதட்டுவது எல்லாம் அவர்தான்.

அவருடைய அப்பா கிருஷ்ணப்பன் துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர். கல்யாணமான புதிதில் ஒரு கொட்டகையில் நாற்காலி டிக்கெட் வாங்கி மனைவியோடு உட்கார்ந்தார். “சேரி ஆளுங்க தரைக்குப் போ” என்று எழுப்பிவிட்டார்கள். சொல்லும்போதே எனக்கு ரத்தம் கொதிக்கிறது. அவர் சண்டை போடவில்லை. பத்து வருஷம் கழித்து, கூட மூட்டை தூக்கியவர்களைச் சேர்த்துக்கொண்டு சொந்தமாகவே ஒரு கொட்டகை கட்டிவிட்டார். ஒரே டிக்கெட், ஒரே மாதிரி நாற்காலி, நம்பர் கிடையாது. உட்கார்ந்தவரை யாரும் எழுப்பக் கூடாது. அவரே வரிசையில் நின்றுதான் உள்ளே போவார்.

இந்த வருஷம் விநியோகஸ்தர் ஒருவர் நிபந்தனை போட்டார். நாற்காலிகளுக்கு நம்பர் எழுத வேண்டும், கடைசி வரிசை அவருடைய ஆட்களுக்கு. இல்லாவிட்டால் புதுப்படம் இல்லை. புதுப்படம் இல்லையென்றால் கொட்டகையைப் பூட்ட வேண்டியதுதான். அக்கா வேறு வழியில்லாமல் தலையாட்டினார். நம்பர் எழுதிய பெயிண்டர் பாஸ்கல் நான்தான். முந்நூறு நாற்காலி. அக்கா அந்தப் பக்கமே வரவில்லை.

முதல் நாள் காலைக் காட்சி. டிக்கெட்டில் இருந்த நம்பரை ஒருத்தராவது பார்க்க வேண்டுமே! பழக்கதோஷத்தில் கிடைத்த இடத்தில் உட்கார்ந்துவிட்டார்கள். கடைசி வரிசை நடுவில், காசிமேட்டில் மீன் விற்கும் பூவம்மா. விநியோகஸ்தரோடு வந்த ஆள், “எந்திரிம்மா, இது சார் சீட்டு” என்றான்.

பூவம்மா எழுந்தார். பக்கத்தில் இருந்தவரும் எழுந்தார். பிறகு அந்த வரிசை, பிறகு அரங்கம் முழுக்க. படம் ஓடுகிறது, ஒருத்தரும் உட்காரவில்லை.

வாசலில் நின்ற அக்கா விறுவிறுவென்று உள்ளே வந்தார்.

“குந்து பூவம்மா. எங்க கொட்டாயில குந்தினவங்கள எழுப்பறது கெடையாது சார். படம் போனா போவட்டும்.”

விநியோகஸ்தர் பேந்தப் பேந்த விழித்தார். பூவம்மா பக்கத்து நாற்காலியில் இருந்த தன் கூடையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார்.

“இன்னா நைனா நின்னுகினே கீற? இங்க குந்து.”

அவர் உட்கார்ந்தார். விசில் சத்தத்தில் கூரை பறந்துவிடும் போலிருந்தது.

காட்சி முடிந்ததும் அக்கா என் கையில் தின்னர் டப்பாவைத் திணித்தார். முந்நூறையும் அழித்தேன். இவ்வளவு சந்தோஷமாக நான் எந்த வேலையும் செய்ததில்லை.

அடுத்த வெள்ளிக்கிழமையும் புதுப்படம் வந்தது. விநியோகஸ்தரும் வந்தார். டிக்கெட் வரிசையில், பூவம்மாவுக்குப் பின்னால் நின்றார்.