கண்காணிப்பாளர் நாற்காலி

என் கணவர் குடிநீர் அலுவலகத்தில் எழுத்தராக இருந்தார். அவருக்கு வரவேண்டிய கண்காணிப்பாளர் பதவி, அவருக்குப் பின்னால் வேலையில் சேர்ந்த ஒருவருக்குப் போன நாளிலிருந்து எங்கள் வீட்டில் மூன்றாவதாக ஓர் ஆள் குடியேறினார். 'மூக்குக்கண்ணாடி' என்றுதான் என் கணவர் அவரைச் சொல்வார். சாப்பிடும்போதும் அவர் பேச்சு, தலை வாரும்போதும் அவர் பேச்சு.

"இன்னைக்கு மூக்குக்கண்ணாடி புதுச் சட்டையில வந்தான்."

"நானும்தான் புதுப் புடவை கட்டியிருக்கேன்."

"அப்படியா?" என்றார், நிமிராமலே.

கோர்ட்டுக்குப் போனார். பணிமூப்புப்படி பதவி அவருக்கே என்று தீர்ப்பு வந்தது. இயக்குநரோ 'நிர்வாகக் காரணங்கள்' என்று சொல்லி அதைக் கிடப்பில் போட்டார். நீதிமன்ற அவமதிப்பு மனு போட வேண்டியதாயிற்று. விசாரணைக்கு நானும் போனேன்.

"தீர்ப்பு புரியலையா, பிடிக்கலையா?" என்று நீதிபதி இயக்குநரைக் கேட்டார். "மதியத்துக்குள்ள உத்தரவு இங்க வரணும். இல்லைன்னா அவமதிப்புக் குற்றச்சாட்டுதான்."

பதவி உத்தரவுகளைத் தயாரிக்கும் பிரிவு மூக்குக்கண்ணாடியின் பொறுப்பில் இருந்தது. ஆகவே, தன் பதவியைப் பறிக்கும் உத்தரவை, கோர்ட்டுக்கு எதிரே இருந்த ஜெராக்ஸ் கடையில் உட்கார்ந்து அவரே தட்டச்சு செய்தார். என் கணவர் பின்னால் நின்று, "கை நடுங்குதா பாரு" என்று என் காதைக் கடித்தார். நடுங்கவில்லை. முடித்துவிட்டுத் திரும்பிய அவர், "சார், உங்க இனிஷியல் சரியான்னு பாத்துக்குங்க. டீ சொல்லட்டுமா?" என்றார். என் கணவரின் முகம் சுருங்கிப்போயிற்று.

நாற்காலி கிடைத்தது. வயிற்றெரிச்சல் தீரவில்லை. "சந்தேகம்னா இப்பவும் எல்லாரும் அவன்கிட்டதான் போறாங்க" என்று புலம்புவார். எனக்கு எரிந்தது வேறு. கட்டிய மனைவியை அவர் ஒரு நாளாவது இத்தனை கவனமாகப் பார்த்திருப்பாரா?

அவர் ஆஸ்பத்திரியில் படுத்த பிறகு மூக்குக்கண்ணாடி பார்க்க வந்தார்.

"வாடா. சீட்டு காலியாகுதான்னு பாக்க வந்தியா?"

"அந்தச் சீட்டா? அதுல ஒரு கால் ஆடும் சார். வேணும்னேதான் உங்ககிட்ட சொல்லல."

"அடப்பாவி! என் முதுகுவலிக்கு நீதான் காரணமா!"

இருவரும் சிரித்த சிரிப்பில் நர்ஸ் எட்டிப் பார்த்தாள். பிளாஸ்க்கும் கையுமாக நான் திரைக்கு இந்தப் பக்கம் நின்றேன். அப்படி ஒரு சிரிப்பை அவர் எனக்காகச் சிரித்ததே இல்லை.

சாவு வீட்டில் மூக்குக்கண்ணாடி அழுத அழுகையைப் பார்த்து, கூடப் பிறந்த தம்பி என்றே பலர் நினைத்துவிட்டார்கள். "நீங்க என்ன உறவு?" என்று ஒருவர் கேட்டார்.

"எனக்கு மேலதிகாரி" என்றார், தேம்பிக்கொண்டே.

எல்லோரும் அவரைச் சூழ்ந்து நின்று தேற்றினார்கள். யாரோ தண்ணீர் கேட்டார்கள். நான்தான் எழுந்து போய்க் கொண்டுவந்து கொடுத்தேன்.