பணியோம் என்ற கம்பெனி

என் தம்பி ஆரம்பித்த ஸ்கேட்போர்டு கம்பெனி ஒரு வருஷம்கூட முழுசாக ஓடவில்லை. அவனோடு ஸ்கேட்போர்டு ஓட்டிய பையன்கள் யாராவது இன்றைக்கும் யாங்கோனில் என்னைப் பார்த்தால், காலம் அப்படி இருந்தது, அதிகாரிகள் விடவில்லை என்று எனக்கு ஆறுதல் சொல்வார்கள். நானும் தலையை ஆட்டிவிட்டு வந்துவிடுவேன். அதைக் கெடுத்தவள் நான். ஒரே ஒரு எழுத்தை வைத்துக் கெடுத்தேன்.

நாங்கள் யாங்கோனின் தின்கன்ஜூன் பகுதியில் இருந்தோம். அப்பா மிஷன் பள்ளிக்கூடத்தில் எழுத்தர். ஞாயிற்றுக்கிழமை மத்தியானங்களில் வேதக்கோயில் பாட்டுப் புத்தகத்தை மடியில் வைத்து எனக்குத் தமிழ் எழுத்துச் சொல்லிக்கொடுப்பார். தம்பிக்கு நாலு வயதாகும்போது அவர் இறந்துபோனார். அவனுக்குச் சொல்லிக்கொடுக்க யாரும் இல்லை. நான் சொல்லிக்கொடுத்திருக்கலாம், செய்யவில்லை. அவனுக்கு வெளியில் எல்லாம் பர்மிய மொழி. வீட்டில் சோறு கேட்கவும் சண்டை போடவும் மட்டும் தமிழ். ஆக, எங்கள் தெருவிலேயே தமிழ் எழுதத் தெரிந்தவள் நான் ஒருத்திதான் என்று ஆகிப்போனது. கிறிஸ்துமஸ் வாழ்த்து அட்டை, கல்லறைக் கல், கோயில் அறிவிப்பு எல்லாவற்றுக்கும் என்னிடம்தான் வருவார்கள். நான் எழுதியதைச் சரிபார்க்க ஆள் கிடையாது. அது எவ்வளவு பெரிய ஆபத்து என்று அப்போது உறைக்கவில்லை. தலைக்கனம்தான் ஏறியது.

நான் சில்க் ஸ்கிரீன் அச்சடிக்கும் கடை ஒன்றில் வேலை பார்த்தேன். கல்யாணப் பத்திரிகை, கைலிக் கடைப் பைகள், காலண்டர் அட்டை. தம்பி ஜப்பானிலிருந்து கப்பலில் வரும் பழைய சாமான் விற்கும் கடையில் வேலை பார்த்தான். மிதிவண்டி, ரைஸ் குக்கர், பொம்மை என்று குவிந்து கிடக்கும் சாமான்களுக்கு நடுவில் உடைந்த ஸ்கேட்போர்டுகளும் வரும். பலகை போயிருக்கும், சக்கரமும் அச்சும் நன்றாக இருக்கும். அவன் அவற்றைக் கழற்றிச் சேர்த்து வைத்தான். கப்பலில் வேலை பார்த்த சித்தப்பா மகன் கொண்டுவந்து போட்ட பழைய அமெரிக்கப் பத்திரிகைகளைப் படம் பார்த்துப் பார்த்துக் கிழித்தான்.

"அக்கா, இங்க பாரு. அங்க பெரிய பெரிய கம்பெனிங்க இருந்துச்சு. அதுல ஓட்டிக்கிட்டு இருந்த பசங்களே வெளிய வந்து, வீட்டுக் கொட்டகையில சொந்தமா கம்பெனி போட்டாங்க. விளம்பரத்துல பெரிய கம்பெனிய அசிங்கம் அசிங்கமா திட்டுவாங்க. சோப்பு டப்பா, சீரியல் டப்பா மேல இருக்கிற படத்தத் திருடி, கிண்டலா மாத்தி, பலகைக்கு அடியில போட்டுடுவாங்க. வக்கீல் நோட்டீஸ் வந்தா அதையும் விளம்பரமாப் போடுவாங்க."

"வக்கீல் நோட்டீஸ் வர்ற ஊர்ல செய்யலாம்டா. இங்க நோட்டீசா வரும்?" என்றேன்.

அவன் கேட்கவில்லை. ஆற்றுக்கு அந்தப் பக்கம் தன்லியினில் ஒரு தச்சுப் பட்டறைக்காரரைப் பிடித்தான். ஞாயிற்றுக்கிழமை காலையில் பாலம் தாண்டிப் போகிற பஸ்ஸில் ஏறிவிடுவான். மெல்லிய மரத் தகட்டை ஏழு அடுக்காகப் பசை போட்டு, லாரி ஜாக்கியால் அழுத்தி, இரண்டு முனையும் மேலே வளையும்படி பலகை செய்தார்கள். முதல் ஆறு பலகைகள் குதித்த வேகத்தில் பிளந்தன. ஏழாவது தாங்கியது. அன்றைக்கு அவன் வீட்டுக்குள் அந்தப் பலகையின் மேல் நின்றுகொண்டே சோறு தின்றான். அம்மா வாயில் வந்தபடி திட்டினாள். அவன் அவ்வளவு சந்தோஷமாக இருந்து அதற்கு முன்னும் நான் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை.

இனி விளம்பரம். யாங்கோனில் அந்த நாட்களில் அச்சில் ஏறும் எதற்கும் அனுமதி வேண்டும். கேலி, கிண்டல் என்று போய் நின்றால் ஆளே திரும்பி வரமாட்டான். ஊர் முழுக்கச் சிவப்புப் பலகைகள் இருந்தன. வெள்ளை எழுத்தில், மக்கள் எப்படி இருக்க வேண்டும், யாரை எதிர்க்க வேண்டும் என்று அரசாங்கம் எழுதி வைத்த பலகைகள். என் தம்பிக்கு வந்த புத்தி இதுதான்: அமெரிக்கப் பையன்கள் சோப்பு டப்பாவைத் திருடினார்கள், நாம் அந்தச் சிவப்புப் பலகையைத் திருடுவோம். அதே சிவப்பு, அதே வெள்ளை எழுத்து, அதே கட்டம், உள்ளங்கை அளவு ஸ்டிக்கர். ஆனால் உள்ளே தமிழ் எழுத்து. எந்த அதிகாரிக்கும் படிக்கத் தெரியாது.

"தல குனிய மாட்டோம்னு ஒரே வார்த்தையில வேணும்க்கா. அதுதான் கம்பெனி பேரு. நீதான் எழுதணும்" என்றான். "உனக்குத்தான் தெரியும்."

அந்தக் கடைசிச் சொல்லில்தான் நான் விழுந்தேன். ஒரே சொல்லில் என்னவென்று எனக்குத் தெரியவில்லை. நேரே எங்கள் கோயிலின் பழைய உபதேசியாரிடம் போய், கம்பெனியைப் பற்றி மூச்சு விடாமல், பொதுவாகக் கேட்டேன். அவர் பல் இல்லாத வாயால், "பணியோம். அவ்வளவுதானம்மா, பணியோம்" என்றார். எழுதிக் காட்டுங்கள் என்று கேட்க வாய் வரவில்லை. என் கையெழுத்தில் கல்லறைக் கல் அடிக்கிறார்கள், நான் போய் எழுதிக் காட்டச் சொல்வதா? கடைக்கு வந்து ஸ்கிரீனுக்கு எழுத்து வரைந்தபோது, பாட்டுப் புத்தகத்தில் பார்த்துப் பார்த்துப் பழகிய வடிவத்தைக் கை தானாக எழுதிவிட்டது. பணிவோம்.

நாங்கள் பேசுகிற தமிழில் 'மாட்டோம்' என்பதுதான் மறுப்பு. 'ஓம்' என்று முடிந்தாலே மறுப்பு என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன் போலிருக்கிறது. கோயிலில் அந்தச் சொல்லை வருஷக்கணக்காகப் பாடியிருக்கிறேன், என்ன பாடுகிறேன் என்று ஒருநாளும் யோசித்ததில்லை.

முதலாளி இல்லாத மத்தியான நேரங்களில் கட்டுக் கட்டாக அடித்தேன். பையன்கள் பஸ் நிறுத்தம், பூங்கா வாசல், லபெயே என்கிற டீக்கடை மேசைக்கு அடி என்று ஒட்டித் தள்ளினார்கள். எட்டுப் பேராக இருந்த கூட்டம் இருபதானது. பர்மியப் பையன்கள் "பனிவோ, பனிவோ" என்று கத்திக்கொண்டு படிக்கட்டிலிருந்து குதித்தார்கள். ஒருவன் முழங்கைக்கு மேலே அதைப் பச்சை குத்திக்கொண்டு வந்து, எழுத்து சரியாக இருக்கிறதா என்று என்னிடம் காட்டினான். ரொம்பச் சரி என்றேன்.

கோயிலுக்கு வருகிற ஒரு அம்மா எங்கள் வீட்டு வாசலில் கிடந்த ஸ்டிக்கரை எடுத்துப் பார்த்தபோதுதான் விஷயம் தெரிந்தது. "எம்புட்டு நல்ல வார்த்தை. தவக்காலத்துக்கு ஏத்த மாதிரி இருக்கு. பைபிள் அட்டையில ஒட்டிக்கிறேன், இன்னும் பத்துக் கொடும்மா" என்றாள். ஸ்கேட்போர்டுக்காரர்கள் தலை குனிய மாட்டார்கள் என்பதற்கும் தவக்காலத்துக்கும் என்ன சம்பந்தம்? அவள் போனதும் அப்பாவின் பாட்டுப் புத்தகத்தை எடுத்துத் தேடினேன். அதே சொல். ஆண்டவர் காலடியில் விழுந்து கும்பிடுவதைப் பற்றிய பாட்டு. முழுப் பாட்டையும் முதல்முறையாக அர்த்தம் புரிந்து படித்தேன்.

அரசாங்கப் பலகையின் நிறத்தில், அரசாங்கப் பலகையின் எழுத்தில், கீழ்ப்படிவோம் என்று நான் அச்சடித்துக் கொடுத்திருக்கிறேன். என் தம்பி அதை ஊரெல்லாம் ஒட்டிக்கொண்டு, எதிர்ப்பதாக நினைத்து நெஞ்சை நிமிர்த்தி நடக்கிறான். அன்றைக்கே சொல்லியிருக்கலாம். ஒரு வரி: "டேய், தப்பாப் போட்டுட்டேன்." சொல்லவில்லை. யாருக்குப் படிக்கத் தெரியும், போகட்டும் என்று வாயை மூடிக்கொண்டேன். அந்த அம்மாவுக்குப் பத்து ஸ்டிக்கரும் கொடுத்தேன். என் வெட்டி ஜம்பத்தை நினைத்தால் இப்போதும் பற்றிக்கொண்டு வருகிறது.

அந்த வருஷம்தான் பொங்கிகள், காவி கட்டிய அத்தனை துறவிகளும், ராணுவ ஆட்சியை எதிர்த்துத் தெருவில் இறங்கி நடந்தார்கள். பிறகு பட்டாளம் சுட்டதும் அடித்து இழுத்துப்போனதும் எல்லோருக்கும் தெரியும். அது அடங்கிய கையோடு வீடு வீடாக ஆள் தேடினார்கள். சுவரில் எதையாவது ஒட்டியவன், எதையாவது அச்சடித்தவன் என்று. எங்கள் வார்டு ஆபீஸிலிருந்து என்னையும் தம்பியையும் கூட்டிப்போக ஆள் வந்தது. மேசைமேல் எங்கள் ஸ்டிக்கர் நாலைந்து கிடந்தன. தம்பி என் காதில், "அக்கா, உனக்கு ஒண்ணும் தெரியாதுன்னு சொல்லிடு. நான் போறேன்" என்றான். எத்தனை வருஷம் உள்ளே போட்டாலும் போவான்போலத்தான் நின்றான். பயம் இருந்தது, அதோடு ஒரு பெருமையும் முகத்தில் இருந்தது.

படித்துச் சொல்ல ஒரு ஆளை வரவழைத்திருந்தார்கள். நகரசபையில் வேலை பார்த்து ஓய்வுபெற்ற தமிழர், நெற்றியில் விபூதி. கண்ணாடியை மாட்டி, எழுத்துக்கூட்டி, "பணிவோம்" என்று படித்தார். பிறகு பர்மியத்தில், "நாகான் மே. சொல்பேச்சு கேட்டு நடப்போம் என்று எழுதியிருக்கிறது" என்றார்.

அதிகாரி இன்னொரு தடவை படிக்கச் சொன்னார். இரண்டாவது தடவையும் அதேதான். அவர் முகம் மலர்ந்துவிட்டது. இந்தக் காலத்துப் பிள்ளைகளில் இப்படியும் இருக்கிறார்களே என்று அருகில் இருந்தவரிடம் சொன்னார். அனுமதி இல்லாமல் அச்சடித்ததற்கு என்னை நாலு வார்த்தை கடிந்துகொண்டு, ஆபீஸுக்கு ஐம்பது ஸ்டிக்கர் கொண்டுவந்து கொடுக்கச் சொன்னார். அவ்வளவுதான், போகலாம்.

வெளியே வந்ததும் தம்பி ஓடிப்போய் அந்தத் தமிழர் கையைப் பிடித்துக்கொண்டான். "மாமா, எங்களுக்காக மாத்திச் சொன்னீங்க. உங்கள மறக்க மாட்டேன்."

அவர் விழித்தார். "நான் ஏன் தம்பி மாத்தணும்? அதுல அப்படித்தானே போட்டிருக்கு."

தம்பி திரும்பி என்னைப் பார்த்தான். பஸ் ஏறவில்லை. வீடுவரை இரண்டு பேரும் நடந்தே வந்தோம். தெருமுனையில் நின்று கேட்டான்.

"நிஜமாவே அப்படித்தான் போட்டிருக்கா?"

"ஆமா."

"தெரிஞ்சு போட்டியா, தெரியாமப் போட்டியா?"

தெரியாமல் போட்டேன் என்று சொல்லியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நான் ஆயிரம் தடவை நினைத்துப் பார்த்தாயிற்று. அந்த நிமிஷத்தில் எனக்கு ஒன்றே ஒன்றுதான் தோன்றியது: தமிழ் தெரியாதவள் என்று இவன் நினைத்துவிடக் கூடாது.

"தெரிஞ்சுதான் போட்டேன்" என்றேன். "இல்லாட்டி இப்ப நீ எங்க இருப்ப? உன்னக் காப்பாத்தத்தான் அப்படிப் போட்டேன்."

அவன் கோபப்பட்டிருந்தால் தாங்கியிருப்பேன். "அப்ப நாங்க எல்லாரும் குதிச்சதையும் கத்தினதையும் நீ பார்த்துக்கிட்டு இருந்தே, மனசுக்குள்ள சிரிச்சுக்கிட்டு" என்று மெதுவாகச் சொன்னான். மறுவாரம் வார்டு ஆபீஸ் கதவிலும், அவர்கள் ஜீப்பின் பின்கண்ணாடியிலும் எங்கள் ஸ்டிக்கர் வந்துவிட்டது. கொண்டுபோய்க் கொடுத்தவள் நான்தான். பார்த்த பையன்கள், அதிகாரிகள் எங்களை மிரட்டி வாங்கிவிட்டார்கள் என்று நினைத்து, ஒவ்வொருவராக ஒதுங்கினார்கள். பச்சை குத்திக்கொண்டவன் அந்த இடத்தைச் சூட்டுக்கோலால் பொசுக்கிக்கொண்டான் என்று கேள்விப்பட்டேன். தம்பி மிச்சமிருந்த பலகைகளின் அடிப்பக்கத்தை முற்றத்தில் உட்கார்ந்து உப்புக்காகிதத்தால் தேய்த்தான். மூன்று நாள் தேய்த்தான். நான் பக்கத்தில் வைத்த டீயைத் தொடவில்லை.

அடுத்த மழைக்குள் மலேசியாவுக்குப் போய்விட்டான், ஒரு மரச்சாமான் தொழிற்சாலைக்கு. அம்மாவிடம் மட்டும் போனில் பேசுவான். அம்மா போனை என்னிடம் நீட்டுவாள். அதற்குள் வைத்துவிடுவான்.

இரண்டு வருஷம் கழித்து நான் ஒரு கடிதம் எழுதினேன். அவன் படிக்கக்கூடியது பர்மியம். நான் வேண்டுமென்றே தமிழில் எழுதினேன், நாலு பக்கம். அங்கே யாரிடமாவது கொடுத்துப் படித்துக்கொள்ளட்டும், இவனுக்கு இப்படி எழுதுகிற அக்கா இருக்கிறாள் என்று நாலு பேர் தெரிந்துகொள்ளட்டும் என்ற நினைப்பு. முடிவில் மன்னித்துவிடு என்று போட்டேன், ஆனால் அந்தக் கடிதத்திலும் உன்னைக் காப்பாற்றத்தான் செய்தேன் என்றே எழுதியிருந்தேன்.

மாதம் ஒன்று கழிந்து, நான் வேலை பார்க்கும் கடைக்குப் போன் வந்தது. என்னைத்தான் கூப்பிட்டான்.

"அக்கா, லெட்டர் வந்துச்சு. நானே படிச்சேன்" என்றான். "கூட வேலை பாக்குற அண்ணன் ஒருத்தர் சொல்லிக்கொடுத்தாரு. கடை போர்டு, பேப்பர் எல்லாம் இப்ப படிப்பேன்."

எனக்குச் சந்தோஷமாக இருந்திருக்க வேண்டும். அந்த நாலு பக்கத்தில் என்னென்ன எழுதினேன் என்று நினைத்துப் பார்த்தேன்.

"வரிக்கு ரெண்டு தப்பு இருக்குக்கா உன் லெட்டர்ல. ற எங்க போடணும், ர எங்க போடணும்னு உனக்குத் தெரியல. மன்னிச்சிடுன்னு போட்டிருக்க பாரு, அதுகூடத் தப்பு." பிறகு, "அந்த ஸ்டிக்கரும் நீ தெரியாமப் போட்டதுதானே?" என்றான். "அன்னைக்கே அதச் சொல்லியிருந்தா நான் விழுந்து விழுந்து சிரிச்சிருப்பேன். எல்லாப் பயலும் சிரிச்சிருப்பான். தெரியாதுன்னு ஒரு வார்த்தைக்கா. இப்பவாச்சும் சொல்லு, நான் ஊருக்கு வர்றேன்."

சொல்ல வாயெடுத்தேன். கடையில் முதலாளியும் இரண்டு வாடிக்கையாளர்களும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"லைன் சரியா இல்லடா, ஒண்ணும் கேக்கல" என்றேன்.